கெடாமல் வந்த பாம்பு

போன வாரம் என் பத்தி வரும் இந்த இடத்தில் ஒரு சோப்பு விளம்பரம் வந்திருந்ததே, பார்த்தீர்களா? என்னைப் பாம்பு கடித்துவிட்டது.

சிரிக்காதீர்கள். ஆம்பூர்த் தோல் ஷாப் ஒன்றில் நான் கணக்கெழுதும் ரைட்டர். ஆனால் புத்தகம் ஒன்று வாங்கியதிலிருந்து பாம்பு நிபுணர்! இரண்டு மாதமாக உங்களை அறுத்து வருகிறேனே… தோல் பதனிட ஆவாரம்பட்டை அடுக்கும் கொட்டகையில் பாம்புக்கா பஞ்சம்? "எதை அடித்தாலும் கெடாமல் என்னிடம் கொண்டு வரணும்" என்று ஆட்களுக்கு உத்தரவே போட்டிருந்தேன்.

வியாழக்கிழமை அங்கே பட்டையைப் புரட்டினேன். சுருக்! கணுக்காலில் ரத்தம். தோல் உரிக்கும் முனுசாமி ஓடிவந்து ஒரே போடு போட்டான். "கெடாம கொண்டு வாய்யா!" என்று அலறினேன். ஜட்கா பூட்டியதும் மூட்டையோடு கூடவே ஏறினான்.

வழியெல்லாம் அவன் வாயைத் திறந்தான். நான் விட்டால்தானே? "பேசாதே! என் கண்ணு சொருகுதா பார்… அடுத்தது நாக்கு தடிக்கும்…" சாகப்போகிறவனே பாடம் நடத்தினேன்.

ஆஸ்பத்திரியில் டாக்டர் கேட்டார்: "என்ன பாம்பு? தெரியாம ஊசி போட்டா அதுவே ஆபத்து."

பெருமையாக மூட்டையைக் காட்டினேன். அவிழ்த்தார். உள்ளே — உப்புத் தடவி, அழகாக மடித்த தோல்!

"தலை எங்கேய்யா?"

"தலை கழிவாச்சே சார்! ரைட்டரய்யாதான் கெடாம கொண்டாரச் சொன்னாரு. வண்டி பூட்றதுக்குள்ள உரிச்சிட்டேன்."

இந்த ஊரில் 'கெடாமல்' என்றால் வேறென்ன செய்வார்கள்?

டாக்டர் தோலை என்னிடம் நீட்டினார். "நீங்க நிபுணராமே… சொல்லுங்க."

என் புத்தகத்தில் எல்லாப் பாம்புக்கும் தலை இருந்தது. "நல்ல பாம்பு" என்றேன். பிறகு, "இல்லை… விரியன்." வியர்த்துக் கொட்டியது. நிஜமாகவே கண் சொருகியது.

"அட இன்னா ரைட்டரய்யா!" என்றான் முனுசாமி. "வழிபூரா அதத்தானே சொல்ல வர்றேன்? இது சாரை. நல்லதா இருந்தா கத்தி வைப்பனா? பால் ஊத்திப் பொதைச்சிருப்பேன். விரியன்னா முதுகுல வட்டம் வட்டமா இருக்கும். கொயந்தையே சொல்லும்."

டாக்டர் தோலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார், தலையாட்டினார். ஊசியை உள்ளே வைத்தார். என் கண்கள் தாமாகத் திறந்துகொண்டன.

மறுநாள் என் புத்தகத்தை முனுசாமிக்கே கொடுத்துவிட்டேன். அவன் ஒரு பக்கமும் புரட்டவில்லை. அட்டையை மட்டும் தடவிப் பார்த்தான்.

"ஆட்டுத் தோலு… பதம் பத்தல, ரைட்டரய்யா."