ஜப்பான் சாஸும் ஒரு சொம்பு வெந்நீரும்

மதுரை வில்லாபுரத்தில் நண்பன் வீட்டு அடுப்படி. ஜப்பானில் ஒரு வாரம் சுற்றிவந்த திமிரில், இட்லிச் சட்டியில் வேகும் மோமோவுக்கு அந்த ஊர் சாஸ் செய்கிறேன். சோயா சாஸ், எலுமிச்சைச் சாறு, துருவிய இஞ்சி, நாலு சொட்டு நல்லெண்ணெய். சின்னக் கிண்ணத்தில் பாதி வருகிறது.

நண்பனின் மனைவி செல்வி எட்டிப் பார்க்கிறாள்.

“இது யாருக்குண்ணே?”

“நம்ம ஆறு பேருக்கும். ஓரத்துல லேசா தொட்டுச் சாப்பிடணும்.”

“லேசா தொட்டுக்க இதென்ன திருநீறா? பரோட்டாவுக்கு சால்னாவ வாளியில கொண்டாந்து ஊத்துற ஊருண்ணே இது.”

கிண்ணத்தை வேறொரு சட்டியில் கவிழ்த்து, ஒரு சொம்பு வெந்நீரும் வெங்காயமும் சேர்க்கிறாள். கரண்டியால் ஊற்றுகிறாள். தட்டில் மோமோக்கள் நீந்துகின்றன.

ஜப்பானின் மானம் காக்க, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டே தின்கிறேன்.

“இன்னுங் கொஞ்சம் ஊத்தவாண்ணே?”

மோமோக்களை ஓரமாக ஒதுக்கி, நடுவில் இடம் விட்டுத் தட்டை நீட்டுகிறேன்.