முதலில் ஊசி, அப்புறம் கத்தி

ஸ்தமேனாவுக்கு வாய் நீளம் என்று எங்கள் ஊரில் எல்லாரும் சொல்வார்கள். சொன்னவர்களில் பாதிப் பேர் அவள் ஓட்டிய பேருந்தில் ஏறித்தான் சந்தைக்குப் போய்வந்தார்கள். மலைக் கிராமங்களுக்குப் போகும் அந்த ஓட்டை வண்டியை ஆண் ஓட்டுநர்கள் எல்லாம் எனக்கு வேண்டாம், உனக்கு வேண்டாம் என்று தட்டிக்கழித்தபோது, சாவியைக் கொடுங்கள் என்று கை நீட்டியவள் அவள். வளைவுகளில் அந்த ஸ்டியரிங்கைத் திருப்பக் கைபலம் மட்டும் போதாது. வயிற்றை இறுக்கிப் பிடித்து மொத்த உடம்பையும் சாய்க்க வேண்டும். அவள் பாட்டுப் பாடிக்கொண்டே திருப்புவாள்.

அந்த வயிற்றைத்தான் முதலில் பித்தப்பைக்காக அறுத்தார்கள். கல்லை எடுத்தார்கள், தைத்தார்கள், வார்டுக்கு அனுப்பினார்கள். சில நாளில் தையல் சிவந்து, வீங்கி, சீழ் கோத்துக்கொண்டது. ஊரே முற்றங்களில் சிவப்புக் குடைமிளகாய் சுட்டுத் தோலுரித்துக்கொண்டிருந்த இலையுதிர்காலம் முழுக்க அவள் படுக்கையில் கிடந்தாள். புண்ணுக்குள் துணித்திரியைச் செருகுவதும் உருவுவதுமாகக் காலம் போயிற்று. வண்டியை வேறொருவனுக்குக் கொடுத்துவிட்டார்கள். அதைத் திரும்ப வாங்க அவள் பட்ட பாடு தனிக்கதை.

ஏன் சீழ் பிடித்தது? எங்கள் ஊரில் இதற்கு ஒரே பதில்தான் உண்டு: குறுக்குக் காற்று. பல்வலியா, கழுத்துப் பிடிப்பா, கரு கலைந்ததா, பையன் பரீட்சையில் தோற்றானா, எல்லாவற்றுக்கும் எதிரெதிரே திறந்திருந்த கதவும் ஜன்னலும்தான் காரணம். ஜூலை வெயிலில் வார்டு அடுப்பாகக் கொதித்த ஒரு மத்தியானம் ஸ்தமேனா எழுந்துபோய் ஜன்னலைத் திறந்திருந்தாள். அறுவை மருத்துவர் வுகாஷின் புண்ணைப் பார்த்துவிட்டுச் சொன்னார்:

"காத்து பட்டிருக்கு. யாரு ஜன்னலைத் திறக்கச் சொன்னா உன்ன?"

அவ்வளவுதான். அன்றிலிருந்து கணவன் திராய்கோ சொன்னான், மாமியார் சொன்னாள், பேருந்தில் ஏறுகிறவர்களும் சொன்னார்கள். "என்ன ஸ்தமேனா, இன்னைக்கு ஜன்னல மூடிட்டியா?" என்று கேட்டுச் சிரிப்பார்கள். எல்லாருக்கும் பதில் வைத்திருக்கிறவள் இதற்கு மட்டும் வாயைத் திறக்கவில்லை. அவளே அதை நம்பிவிட்டாள். தன் வயிற்றைத் தானே கெடுத்துக்கொண்டோம் என்று வருடக்கணக்கில் மனசுக்குள் புழுங்கினாள். நினைக்க நினைக்க வயிறெரியும் விஷயம் அது.

சீழ் பிடித்து ஆறிய இடம் சும்மா இருக்குமா? தழும்புக்கு அடியில் சதை விட்டுக்கொடுத்தது. ஸ்டியரிங்கைத் திருப்பும்போதெல்லாம் எலுமிச்சை அளவுக்கு ஒரு புடைப்பு வெளியே வந்தது. பிறகு அது முஷ்டி அளவானது. மறுபடி வுகாஷினிடமே போக வேண்டியதாயிற்று. ஊரில் வேறு யார் இருக்கிறார்கள்?

"குடல் இறங்கியிருக்கு. உள்ள வலை வெச்சுத் தைக்கணும்," என்றார் அவர். "ஆனா ஒண்ணு. இந்தத் தடவையும் சீழ் பிடிச்சா வலையப் பிடுங்கித்தான் எடுக்கணும். அப்புறம் நீ பஸ்ஸ மறந்துடு. ஜன்னல் பக்கமே போகாத."

அறுவைக்கு முந்தின நாள் மத்தியானம் மயக்க மருத்துவர் நேதா அவள் படுக்கைக்கு வந்தாள். தலைநகரில் படித்துவிட்டு வந்தவள், இந்த மருத்துவமனைக்குப் புதுசு. என்ன மருந்து ஒத்துக்கொள்ளாது, மூச்சிரைக்குமா என்றெல்லாம் கேட்டுவிட்டுத் தழும்பைப் பார்த்தாள்.

"இது எப்படிம்மா இப்படி ஆச்சு?"

"நான்தான் டாக்டர். ஜன்னலத் திறந்துட்டேன்."

நேதா சிரித்துவிட்டாள். ஸ்தமேனாவின் முகத்தைப் பார்த்ததும் சிரிப்பை நிறுத்தினாள்.

"காத்துக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லம்மா. கத்தி படறதுக்குக் கொஞ்ச நேரம் முன்னாடி கிருமிக்கொல்லி மருந்து ரத்தத்துல ஏறியிருக்கணும். அறுக்கற நேரத்துல அது அங்க காவலுக்கு நிக்கணும். உங்களுக்குப் போட்டாங்களா?"

"போட்டாங்களே! ஒரு வாரம் விடாம குத்தினாங்க."

"எப்ப ஆரம்பிச்சாங்க?"

"வார்டுக்கு வந்தப்புறம். சாயங்காலம்."

நேதா தழும்பின் மேல் போர்வையை இழுத்து மூடினாள். ஸ்தமேனா விடுகிற ஆளா?

"சொல்லுங்க டாக்டர். என்னமோ முழுங்கறீங்க."

நேதா தயங்கித் தயங்கிச் சொன்னாள். மருந்து அலமாரியின் சாவி தலைமைச் செவிலி பெர்சிதாவிடம் இருக்கிறது. பெர்சிதா காலையில் வந்ததும் வார்டுச் சமையலறையில் காபி போடுவாள். குடித்து முடித்ததும் கோப்பையைக் கவிழ்த்து, அடியில் படிந்த காபி வண்டலின் கோலத்தைப் பார்த்து மற்ற செவிலிகளுக்குக் குறி சொல்வாள். எங்கள் ஊரில் காலைக் காபியில் இருக்கிறவரை எழுப்புவது சாவு வீட்டில் சிரிப்பதற்குச் சமம். வுகாஷினோ தன் காபியை விடியற்காலையிலேயே முடித்துவிட்டுக் கத்தியோடு நிற்பார். சாவி வரும்போது முதல் வயிறு திறந்திருக்கும். இப்படியே போய்ப்போய், மருந்து வார்டில்தான், அறுவைக்குப் பிறகுதான் என்று அதுவே சட்டமாகிவிட்டது. நேதா கேட்டுப் பார்த்தாள், கெஞ்சிப் பார்த்தாள். நேற்று வந்தவள் நாட்டாமை பண்ணாதே என்றார்கள்.

"அப்ப என் வயிறு ஒரு கோப்பை காபிக்கா அழுகிச்சு?"

"அப்படி அடிச்சுச் சொல்ல முடியாதும்மா. முன்னாடி போட்டாலும் சில பேருக்குச் சீழ் பிடிக்கத்தான் செய்யுது. ஆனா வாய்ப்பு ரொம்பக் குறையும். அது மட்டும் நிச்சயம்."

"அந்தக் குறையற வாய்ப்பு என்னோடது. அத யாரு எடுத்துக்கிட்டாங்க?"

நேதா போன பிறகு ஸ்தமேனா சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தாள். அழுகை வந்தது, அதை முந்திக்கொண்டு கோபம் வந்தது. கேட்ட கேலிப் பேச்செல்லாம் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. பார்க்க வந்த திராய்கோவிடம் சொன்னாள்.

"வாய வெச்சுக்கிட்டு சும்மா படு," என்றான் அவன். "கத்தி அவரு கையில இருக்கு."

"வயிறு என்னோடதுய்யா."

அடுத்த படுக்கையில் ஸ்லாதா இருந்தாள். பள்ளிக்கூட ஆசிரியை, அவளுக்கும் பித்தப்பைதான். எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்தவள் பதறினாள். "ஐயோ, டாக்டர்கிட்ட மல்லுக்கு நிக்காத ஸ்தமேனா. அடுத்து எனக்கும் அவருதான் அறுக்கணும். உன் மேல இருக்கற கோவத்த என் மேல காட்டிட்டார்னா?"

மறுநாள் காலையில் அவளை அறுவை மேசையில் படுக்க வைத்தார்கள். கையில் ஊசி செருகியிருந்தது, விளக்கு எரிந்தது, வுகாஷின் கையுறையோடு நின்றார்.

"அந்த மருந்து ஏத்தியாச்சா?" என்று கேட்டாள்.

முகக்கவசத்துக்கு மேலே நேதாவின் கண்கள் மட்டும் தெரிந்தன. இல்லை என்று தலை அசைந்தது.

ஸ்தமேனா எழுந்து உட்கார்ந்தாள். போர்வையை இழுத்துச் சுற்றிக்கொண்டு இரண்டு காலையும் மேசைக்கு வெளியே தொங்கப் போட்டாள்.

"ஏய், என்ன பண்ற? படு!"

"மாட்டேன் டாக்டர். சீழ் பிடிக்காம இருக்கற மருந்து முதல்ல ஏறணும். அப்புறம்தான் கத்தி."

"அது வார்டுல போடுவாங்க."

"போன தடவை வார்டுல போட்டுத்தான் இந்த லட்சணம்."

வுகாஷின் நேதாவைத் திரும்பிப் பார்த்துவிட்டு ஸ்தமேனாவிடம் கேட்டார். "உனக்கு யாரு சொல்லிக் கொடுத்தது இதெல்லாம்?"

"என் பஸ்ல ஊர்ப்பட்ட பேரு ஏறுறாங்க. எல்லாரும்தான் பேசறாங்க," என்றாள் ஸ்தமேனா, கண்ணைக்கூடச் சிமிட்டாமல்.

"சாவி பெர்சிதாகிட்ட இருக்கு. அவ காபி குடிக்கிறா."

"குடிக்கட்டும். அவசரப்படுத்தாதீங்க, நாக்கு சுட்டுக்கும். நான் இப்படியே உக்காந்திருக்கேன். ஸ்டாண்டுல காத்துக் கிடந்து எனக்குப் பழக்கம்தான்."

"உன்ன இறக்கிட்டு அடுத்த ஆள ஏத்தட்டுமா?"

"ஏத்துங்க. போற வழியில அவங்ககிட்டயும் சொல்லிட்டுத்தான் போவேன்."

வுகாஷின் கெட்டவர் இல்லை. கைராசிக்காரர் என்று பெயர் வாங்கியவர்தான். ஆனால் இத்தனை வருடத்தில் அவர் மேசையில் யாரும் எழுந்து உட்கார்ந்ததில்லை. அவர் முகம் பீட்ரூட்டாகச் சிவந்தது. வெளியே தள்ளுங்கள் என்று சொல்ல வாயெடுத்தார். அதற்குள் நேதா பேசிவிட்டாள்.

"மருந்து வராம நான் மயக்கம் கொடுக்கறதா இல்ல டாக்டர்."

மயக்க ஊசியைத் தட்டில் திருப்பி வைத்தாள்.  சாவிக்கு ஆள் ஓடியது. கடைசியில் பெர்சிதா வந்தாள், ஒரு கையில் கோப்பை, மறு கையில் மருந்துக் குப்பி.

"என்ன இப்ப, வீடா பத்திக்கிச்சு?"

"இல்ல பெர்சிதாக்கா. பத்திக்கக் கூடாதுன்னுதான்."

மருந்து குழாயில் இறங்குவதை ஸ்தமேனா கண்ணெடுக்காமல் பார்த்தாள். முழுக்க ஏறியாச்சா என்று கேட்டாள். ஏறியாச்சு என்றாள் நேதா. அப்புறம்தான் காலைத் தூக்கி மேசையில் வைத்துப் படுத்தாள்.

"இப்ப அறுங்க," என்றாள்.

வார்டில் அவள் வயிறு என்ன ஆகப்போகிறது என்பதே பேச்சாக இருந்தது. பெர்சிதா கட்டுப் பிரிக்கும்போதெல்லாம் மற்றப் பெண்கள் கழுத்தை நீட்டிப் பார்த்தார்கள். சிலர் சீழ் பிடிக்கும் என்றுதான் எதிர்பார்த்தார்கள், திமிருக்குத் தண்டனை வேண்டுமே. ஸ்தமேனாவுக்கும் உள்ளுக்குள் பயம்தான். கட்டைப் பிரிக்கும்போது தலையணையைப் பற்களால் கடித்துக்கொள்வாள். துணி காய்ந்தே வந்தது. தையல் பிரிக்கிற நாளன்று வுகாஷின் வந்து விரலால் அழுத்திப் பார்த்தார். சிவப்பில்லை, வீக்கமில்லை, ஒரு பொட்டு ஈரமில்லை.

"பஸ்ஸ எப்ப எடுக்கலாம்?"

"கொஞ்ச மாசம் பாரம் தூக்காத. அப்புறம் எடு," என்றார் அவர், அவள் முகத்தைப் பார்க்காமல்.

"அப்ப போன தடவை என் தப்பில்லதானே டாக்டர்? வாயால சொல்லுங்க."

அவர் கத்தரிக்கோலைத் தட்டில் வைத்தார்.  அந்த நேரம் பார்த்துத் தள்ளுவண்டி உள்ளே வந்தது. ரத்த அழுத்தம் ஏறியதால் தள்ளிப்போய்க்கொண்டே இருந்த ஸ்லாதாவின் முறை அன்றைக்குத்தான் வந்திருந்தது. அவளை வண்டியில் ஏற்றினார்கள். முகம் வெளிறியிருந்தது. வண்டி நகர்ந்ததும் ஒரு கையை நீட்டிக் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள்.

"எனக்கு மருந்து ஏத்தியாச்சா?"

"எந்த மருந்து டீச்சர்?" என்றான் தள்ளுகிறவன்.

"ஸ்தமேனாவுக்கு ஏத்தினது. போய் வாங்கிட்டு வா. அதுவரைக்கும் இந்தக் கைய எடுக்க மாட்டேன்."

வகுப்பில் பேசுகிற குரலிலேயே சொன்னாள். எதிர்ப் படுக்கையில் இருந்தவள், "எனக்கும் முதல்ல அதுதான்," என்றாள். மூலையில் இன்னொருத்தி தலையாட்டினாள். வுகாஷின் திரும்பி ஸ்தமேனாவை முறைத்தார்.

"என்ன எதுக்குப் பாக்கறீங்க டாக்டர்? நான் வீட்டுக்குப் போறவ. படுக்கப் போறவங்கள பாருங்க."

 அவர் சாவிக்கு யாரையும் அனுப்பாமல், பெர்சிதாவின் சமையலறைப் பக்கம் தானே நடந்து போனார்.