பேச்சியின் பதில் இல்லாத படம்

மூணாறுக்கு எல்லோரும் குளிருக்காகப் போகிறார்கள். 1978 மே மாதம் நான் போனது ஓர் ஆளை நிறுத்திக் கேள்வி கேட்க. மூணாறுக்கு இந்தப் பக்கம் ஒரு தேயிலை எஸ்டேட்டில் நடந்த பழைய வேலைநிறுத்தத்தைப் பற்றி முந்தைய ஆண்டு ஓர் ஆவணப்படம் எடுத்தார்கள். மேடை நாடகத்தில் தொண்டை கிழியக் கத்தியே நடுவயதான நான் அதில் கங்காணி வேடம். பிறகு என் குரலை எடுத்துவிட்டு ஒரு சினிமா நட்சத்திரத்தின் குரலை ஒட்டிவிட்டார்கள் என்று கேள்விப்பட்டேன். எஸ்டேட்டிலேயே படம் போடுகிறார்கள், டைரக்டரும் வருகிறார் என்றதும் கிளம்பிவிட்டேன்.

என் மாந்தோப்பு இருக்கும் முதலமடையிலிருந்து பொள்ளாச்சி வழியாக முதல்நாளே உடுமலை வந்து தங்குவது நல்லது. காலை ஆறரை மூணாறு பஸ்ஸை விட்டால் அன்றைய பொழுது போயிற்று.

“ஏனுங்க, மாங்கா சீசன்ல தோட்டத்த உட்டுப்போட்டு மலைக்குப் போறீங்க?” என்றார் என்னைத் தெரிந்த கண்டக்டர்.

“சினிமா பாக்கங்க.”

“அதுக்கு உடுமலையில கொட்டாய் இல்லைங்களா?”

பஸ்ஸே சிரித்தது. எனக்குச் சிரிப்பு வரவில்லை.

மறையூர் நாற்பது கிலோமீட்டருக்குச் சற்று மேல். சந்தனக்கட்டை கடத்துகிறோமா என்று செக்போஸ்ட்டில் மூட்டைகளைப் பிரித்துப் பார்த்தார்கள். மறையூர் தாண்டியதும் குளிர் ஏறியது.

எஸ்டேட்டில் பிள்ளைகளைப் பார்த்துக்கொள்ளும் கொட்டகையில் ஜன்னல்களைக் கம்பளியால் மூடி, பகலிலேயே படம். வாசலில் பேச்சி நின்றிருந்தாள். கொழுந்து பறிப்பவள். அந்த வேலைநிறுத்தத்தில் சுடப்பட்டுச் செத்த சுடலைமுத்துவின் மனைவி.

“வாங்க கங்காணி! பெரட்டுக்கு இம்புட்டு லேட்டா வந்தா அரைப்பேருதான்!”

பெரட்டு என்பது விடியற்காலை ஆள்கணக்கு; பேரு என்பது ஒருநாள் கூலி. கங்காணி பெயர் கூப்பிடும்போது ஆள் வந்து சேராவிட்டால், வீட்டார் “பின்னால வாராக” என்று குரல் கொடுப்பார்கள். இல்லையென்றால் அன்றைக்குப் பெயர் விழாது. படப்பிடிப்பில் செத்தவர்களின் பெயர்களை நான் கூப்பிட வேண்டும், பதிலுக்கு மௌனம் என்றுதான் திட்டம். நான் “சுடலைமுத்து” என்றதும், கூட்டத்தில் நின்ற பேச்சி பழக்கத்தில், “பின்னால வாராக!” என்று கத்திவிட்டாள். கத்திய பிறகுதான் வாயைப் பொத்திக்கொண்டாள். இதுதான் படத்தின் உயிர் என்று டைரக்டர் அன்று அவள் கையைப் பிடித்துச் சொன்னார். அவள் அதைத் தொழிலாளர் வீட்டு வரிசைகளான லயங்களில் எல்லாம் சொல்லி வைத்திருந்தாள்.

படம் ஓடியது. என் வாய் அசைந்தது, நட்சத்திரத்தின் வானொலித் தமிழ் கேட்டது. “சுடலைமுத்து.” மௌனம். பிறகு வயலின். அடுத்த பெயர்.

பேச்சி எழுந்து என் பக்கம் திரும்பினாள். “ஏன்யா, நீங்க கூப்பிட்டீக, நான் சொன்னேன்லா? எங்க அது?”

டைரக்டர் என் காதில் சொன்னார்: “செத்தவர் வரார்னா ஆடியன்ஸ் குழம்பிடும் சார். முன்னாடி போட்டுக் காட்டினப்ப சிலர் சிரிச்சிட்டாங்க.”

சிரித்தவர்களுக்காக அவள் பதிலை வெட்டியிருக்கிறார்! என் குரல் போனதைக் கேட்க வந்தவன், அதை மறந்தே போனேன்.

“அந்த ரீலைத் திருப்பிப் போடச் சொல்லுங்க, சத்தமில்லாம” என்றேன். அவர் தயங்கினார். கொட்டகை முழுக்க, “போடு! போடு!” என்று கிளம்பியதும் போட்டார்.

திரைக்குப் பக்கத்தில் நின்று என் சொந்தத் தொண்டையில் பெயர்களைக் கூப்பிட்டேன். ஒவ்வொன்றுக்கும் ஒரு மூலையிலிருந்து பதில் வந்தது. “சுடலைமுத்து” என்றேன்.

“பின்னால வாராக!” என்றாள் பேச்சி. இந்த முறை வாயைப் பொத்தவில்லை.

டைரக்டரை நான் மன்னிக்கவில்லை, மன்னிக்கும் உத்தேசமும் இல்லை. படத்தில் இன்றும் அந்த மௌனம்தான் இருக்கிறது.

போகிறவர்கள் மே மாதத்திலும் கம்பளி எடுத்துக்கொள்ளுங்கள். தங்குவதற்கு மூணாறு வரை போய்விடுங்கள், வழியில் விடுதி கிடையாது. போக முடியாதவர்களுக்கும் ஒன்று. உங்கள் ஊருக்கு அந்தப் படம் வந்தால், அந்தப் பெயரைக் கூப்பிடும்போது சும்மா உட்கார்ந்திருக்காதீர்கள். யாராவது பதில் சொல்லுங்கள்.