பாளை விட்ட மரத்தின் பதினெட்டுக் கட்டு

சீப்பம்மா. பிறப்பு 1941; மறைவு 2017. தொழில், சர்க்கரைப்பனையின் கறுப்பு நாரைச் சீவித் தரம் பிரித்தல்.

பெற்றோர் இட்ட பெயர் ஒன்று அரசாங்கத் தாள்களில் இருக்கத்தான் செய்தது. ஒருமுறை அந்தப் பெயரைச் சொல்லி விசாரித்துக்கொண்டு வந்த புதிய தபால்காரரிடம், "அப்படி யாரும் இந்தத் தெருவுல இல்லையே" என்று வாசலில் நின்று கைவிரித்தவர் அவருடைய கணவரேதான். உள்ளே நார் சீவிக்கொண்டிருந்தவர் எழுந்து வந்து கையெழுத்திட்ட பிறகு, கணவர் அன்று முழுவதும் தலைநிமிரவில்லை.

சர்க்கரைப்பனையை முதன்முதலாகப் பார்ப்பவர்கள், பிறந்தது முதல் தலைவாராத மரம் என்றே நினைப்பார்கள். மட்டைகளின் அடியில், மரத்தைச் சுற்றி, குதிரையின் பிடரிமயிரைப் போலக் கறுத்து முரடாகப் படிந்திருப்பதுதான் நார். உப்புநீரில் ஊறினாலும் ஈரமண்ணில் புதைந்து கிடந்தாலும் எளிதில் மக்காது. அதைக் கயிறாகத் திரிப்பார்கள், துடைப்பமாகக் கட்டுவார்கள், கூரையிலும் வேய்வார்கள். மணலைத் தடுத்து நீரை மட்டும் விடும் குணமும் அதற்கு உண்டு.

சீப்பம்மாவின் கணவர் மரமேறி. அவர் அறுத்துக் கொண்டுவரும் நாரை அவருடைய தங்கை கழுவிக் காயவைப்பாள். காய்ந்ததைச் சீப்பம்மா சீவுவார். வீட்டுக்குப் பின்னாலிருந்த தகரக் கொட்டகையில், இரண்டடிப் பலகை ஒன்றில் இருபத்திரண்டு இரும்புப் பற்கள் வரிசையாக அடிக்கப்பட்டிருந்தன. பேருக்குக் காரணமான சீப்பு அதுதான். ஆனால் அவருடைய திறமை சீப்பில் இல்லை. வலக்கைக் கட்டைவிரலில் இருந்தது. ஒவ்வொரு கட்டிலிருந்தும் ஒரு பிடியை உருவி, அடியிலிருந்து நுனிவரை விரலை ஓட்டுவார். விளைந்த நார் விரலை எதிர்த்து நிற்கும். பாளை விட்ட மரத்து நாரோ வழுக்கிக்கொண்டு போகும். பாளை விட்டபின் மரம் தன் வலுவைப் பூவுக்கும் காய்க்கும் கொடுத்துவிடுகிறது. நார் மெலிந்து குட்டையாகிவிடுகிறது. கண்ணுக்கு இரண்டும் ஒரே கறுப்பு. அப்படிப்பட்ட நாரை மேற்குச் சுவர் ஓரம் தனியாக அடுக்கிவைப்பார்கள். அது துடைப்பத்துக்குப் போகும்; மண்ணுக்குள் ஒருநாளும் போகாது. அந்தக் கொட்டகையின் சட்டம் அது.

"அண்ணி, இந்த நாரைத் தடவுற மாதிரி எங்க அண்ணன் தலையை ஒருநாளாவது தடவியிருக்கீங்களா?" என்று நாத்தனார் கேட்பாள்.

"உங்க அண்ணன் தலையில தடவ என்னடி இருக்கு? என் சீப்புக்கு அங்க வேலையே இல்லையே!"

மரமேறி வழுக்கையைத் துண்டால் துடைத்துக்கொண்டு வெளியே போய்விடுவார்.

1979ஆம் ஆண்டு, நகரின் தாழ்வான கீழ்ப்பகுதியில் விளையாட்டுத் திடல் ஒன்று அமைக்க ஏற்பாடாயிற்று. மழை பெய்தால் குளமாகும் நிலம். புல்தரைக்கு அடியில் வாய்க்கால் வெட்டி, துளையிட்ட குழாய்களைப் பதித்து, அவற்றின்மேல் கறுப்பு நாரை விரித்து, மணலும் மண்ணும் போட்டு மூடலாம் என்றார் பொறியாளர். வேறோர் ஊரில் அப்படிச் செய்திருந்ததை அவர் கண்ணால் கண்டிருந்தார். மேலதிகாரிகளுக்கு நம்பிக்கையில்லை. துடைப்பம் கட்டுகிற பொருளை நம்பித் திடல் கட்டுவதா என்று கேட்டார்கள். பொறியாளர் தம் பொறுப்பில் என்று எழுதிக்கொடுத்து அனுமதி பெற்றுக்கொண்டு, நேரே கொட்டகைக்கு வந்தார்.

"நானூத்தி இருபது கட்டு வேணும்மா. மண்ணுக்குள்ள போறது. நாளைக்கு என்னைக் கைவிட்டுடாதீங்க."

"என் கை பட்டு வந்த நாரு இருபது வருஷம் உள்ள கெடக்கும் சார். நீங்க தைரியமா இருங்க" என்றார் சீப்பம்மா.

திடல் சரியாக அமைந்தால் நகரின் மற்ற வடிகால்களுக்கும் நாரே போகும். அமையாவிட்டால் கறுப்பு நார் மீண்டும் துடைப்பத்தோடு நின்றுவிடும். அவர் கொடுத்த வாக்கும் அந்தத் திடலின் சேற்றிலேயே கிடக்கும்.

நானூற்று இரண்டு கட்டுகள் குறையில்லாமல் போய்ச் சேர்ந்தன. எஞ்சியவை பதினெட்டு. அந்த வாரம் பார்த்துச் சீப்பின் பல் ஒன்று அவருடைய கட்டைவிரலில் ஆழ இறங்கிவிட்டது. கம்பவுண்டர் சுற்றிய துணியில் விரல் சுரைக்காய் அளவுக்குப் பருத்துவிட்டது. மறுநாள் காலை திடல் வேலையின் மேஸ்திரி மாட்டுவண்டியோடு வாசலில் நின்றார்.

"அக்கா, வடகிழக்கு மூலையில குழி தெறந்து கெடக்கு. வானத்தைப் பாருங்க. இன்னைக்கு மூடலைன்னா கரை சரிஞ்சுடும்."

காட்டில் அறுத்து, கழுவி, காயவைத்துக் கொண்டுவர நான்கு நாளாவது ஆகும். சீப்பம்மா மேற்குச் சுவர் ஓரம் போனார். துடைப்பத்துக்காக ஒதுக்கிய அடுக்கிலிருந்து ஒவ்வொரு கட்டாக வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்து, நீளமும் கறுப்பும் உள்ளவையாகப் பதினெட்டைப் பொறுக்கினார்.

"அது பாளை விட்ட மரத்து நாரு" என்றார் மரமேறி.

"தெரியுங்க. அதுல நல்லதாப் பாத்துத்தான் எடுக்கிறேன்."

"விரல்ல கட்டுப் போட்டிருக்கியே?"

"கண்ணுல கட்டுப் போடலையே!"

இருபது ஆண்டு இல்லறத்தில், எந்தப் பதிலுக்குப் பிறகு வாயை மூடிக்கொள்ள வேண்டும் என்பது மரமேறிக்கு மனப்பாடம். வண்டி புறப்பட்டது. அன்று மாலைக்குள் குழி மூடப்பட்டது.

ஏழு வாரங்கள் கழிந்து, திடலில் புல் பிடித்த சமயம், இரண்டு நாள் விடாமல் மழை கொட்டியது. திறப்பு விழா ஆட்டத்துக்குப் பதினோரு நாள் இருந்தது. வடகிழக்கு மூலையில் கணுக்கால் அளவுக்குத் தண்ணீர் தேங்கி நின்றது. புல்லுக்கடியில் கிடந்த நார் முழுவதையும் அள்ளி எறிந்துவிட்டுச் சரளைக்கல் நிரப்பும்படி மேலிடத்திலிருந்து உத்தரவு வந்தது. பொறியாளர் சீப்பம்மாவுக்கு ஆள் அனுப்பினார்.

நாத்தனாரை அழைத்துக்கொண்டு அவர் போய்ச் சேர்ந்தபோது, தேங்கிய நீரில் எவருடையவோ இரண்டு வாத்துகள் உல்லாசமாக நீந்திக்கொண்டிருந்தன. சீப்பம்மா வாத்துகளைப் பார்க்கவில்லை. மற்ற மூன்று மூலைகளையும் நடந்து பார்த்தார். அங்கெல்லாம் புல் ஈரமாக இருந்ததே தவிர, மிதித்தால் தண்ணீர் ஊறவில்லை. திரும்பி வந்து வடகிழக்கு மூலையில் நின்றதுமே அவருக்கு விளங்கிவிட்டது.

மேஸ்திரி மெல்ல அருகில் வந்தார். "அக்கா, ரோலர் ரிப்பேராகி மூணு நாள் இந்த மூலையிலதான் நின்னுச்சு. அது அமுக்கினதுல மண்ணு இறுகியிருக்குமோ என்னவோ. சாருக்குத் தெரிஞ்சா என்னைத் தொலைச்சுடுவாரு."

நாத்தனார் முழங்கையால் இடித்தாள். "அண்ணி, அந்தாளே வாயால சொல்றான். ரோலர்னு சொல்லிட்டு வாங்க, போவோம்."

ஒரே ஒரு வார்த்தை போதும். பொறியாளர் நம்புவார், நம்ப அவரும் காத்திருந்தார். மண்ணைக் கொத்தித் தளர்த்திவிட்டு, ஆட்டத்தை நடத்திவிடுவார்கள். ஆனால் அடுத்த மழைக்கு அதே இடத்தில் தண்ணீர் நிற்கும். அப்போது திடலெங்கும் கிடக்கும் நானூற்று இரண்டு நல்ல கட்டுகளும் இந்தப் பதினெட்டோடு சேர்ந்து குப்பைக்குப் போகும். ரோலர் மீது ஏற்றிய பழி மேஸ்திரியின் பிழைப்பையும் கெடுக்கும். சீப்பம்மா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு பொறியாளர் எதிரில் போய் நின்றார்.

"சார், மண்ணும் காரணமில்லை, ரோலரும் காரணமில்லை. அந்த மூலையில பதினெட்டுக் கட்டு கெட்ட நாரு கெடக்கு. பாளை விட்ட மரத்து நாரு. என் வீட்டுக்காரர் வேண்டாம்னு சொல்லியும் நான்தான் எடுத்துக் குடுத்தேன். விரல்ல காயம். தொட்டுப் பாக்காம கண்ணால பாத்தேன். தப்பு என்னுது."

பொறியாளர் கண்ணாடியைக் கழற்றிவிட்டார். "ஏம்மா, நீங்களே இப்படிச் சொன்னா நான் மேல என்னத்தைச் சொல்றது?"

"உள்ளதைச் சொல்லுங்க. ஒரு கட்டு ரெண்டடி விரியும். பதினெட்டுக் கட்டு முப்பத்தாறு அடி. நான் கோடு போட்டுத் தர்றேன், ரெண்டு பக்கமும் தோண்டச் சொல்லுங்க. கோட்டுக்கு அந்தப் பக்கம் கெட்டது, இந்தப் பக்கம் நல்லது. ஒரு அடி மாறினாலும் மொத்தத்தையும் அள்ளிப் போட்டுடுங்க. நான் குறுக்க நிக்க மாட்டேன்."

"போச்சுடா" என்றாள் நாத்தனார், உரக்கவே.

சீப்பம்மா மூலையிலிருந்து அளந்து அடிவைத்து நடந்தார். தண்ணீருக்குள் குதிகாலால் ஒரு கோடு கிழித்து, இரு முனையிலும் குச்சி நட்டார். நான்கு பேர் மண்வெட்டி பிடித்தார்கள். கோட்டுக்கு அப்பால் தோண்டியபோது முதலில் வந்தது நார் என்றே சொல்ல முடியாது. குட்டைக் குட்டையாக முறிந்து, சேற்றைக் குடித்து, மிதியடித் துண்டுபோல் இறுகிக் கிடந்தது. சீப்பம்மா அதில் ஒரு பிடி எடுத்துப் பொறியாளரின் உள்ளங்கையில் வைத்தார். "இது என் கண்ணு பாத்தது."

பிறகு கோட்டுக்கு இப்பால் வெட்டினார்கள். மணலுக்கடியில் நார் விரித்த நாளில் இருந்ததுபோலவே கறுத்து, முறுக்கோடு கிடந்தது. அது வெளிப்பட்ட கணமே தேங்கிநின்ற தண்ணீர் அந்தப் பக்கம் சாய்ந்தது. குடத்தைக் கவிழ்த்தாற்போல் மடமடவென்று உள்ளே இறங்கியது. கால் மணிக்குள் வாத்துகள் தரையில் நின்றன. அவரே குனிந்து இன்னொரு பிடி உருவினார். "இது என் விரல் பாத்தது."

பொறியாளர் நாடாவை எடுத்து அளந்தார். நல்ல நாரும் கெட்ட நாரும் சந்தித்த இடம், மூலையிலிருந்து முப்பத்தாறு அடி மூன்று அங்குலம்.

"மூணு அங்குலம் தப்புதேம்மா" என்றார். குரலில் சிரிப்பு வந்துவிட்டிருந்தது.

"அது மேஸ்திரி இழுத்து விரிச்சது சார்."

"ஆமா சார், இழுத்துத்தான் விரிச்சேன்" என்றார் மேஸ்திரி, ரோலர் தப்பிய நிம்மதியில்.

அன்று பிற்பகலே அறிக்கை போயிற்று. முப்பத்தாறு அடி மட்டும் மாற்ற அனுமதி வந்தது. மரமேறி இன்னும் பாளை விடாத ஐந்து மரங்களில் ஏறி, எறும்புக்கடியோடு இருபத்திரண்டு கட்டு அறுத்துவந்தார். விரல் ஆறியிருந்தது. ஆனாலும் சீப்பம்மா ஒவ்வொரு கட்டையும் இரு கைகளாலும் மாறி மாறிப் பார்த்தார். நான்கைத் தள்ளினார்.

"எங்க அண்ணன் தோலெல்லாம் தடிச்சுக் கெடக்காரு, கண்ணெதிரேயே தள்ளுறீங்களே அண்ணி!" என்றாள் நாத்தனார்.

"தள்ளட்டும் விடு" என்றார் மரமேறி, சொறிந்துகொண்டே.

சீப்பம்மா நாரிலிருந்து கண்ணெடுக்காமல் கேட்டார்: "அன்னைக்கு இன்னும் ஒரு வார்த்தை அழுத்திச் சொல்லியிருக்கலாம்லங்க?"

"சொல்லியிருந்தா கேட்டிருப்பியா?"

"மாட்டேன்."

"அதான் அந்த வார்த்தையை மிச்சம் பிடிச்சேன்."

ஆட்டத்துக்கு முந்தைய நாள் நான்கு மணி நேரம் மழை பெய்தது. ஊரே திடலைப் பார்க்க ஓடியது. சீப்பம்மா மதிற்சுவருக்கு வெளியே, வடிகால் குழாய் வந்து திறக்கும் இடத்துக்குப் போனார். குழாயிலிருந்து தண்ணீர் கை பருமனுக்கு விழுந்துகொண்டிருந்தது. அள்ளிப் பார்த்தார். மணல் இல்லை, சேறு இல்லை. சுவருக்கு மேலாக எட்டிப் பார்த்த மேஸ்திரி, "அக்கா, உள்ள வந்து பாருங்க, ஒரு சொட்டு நிக்கலை!" என்று கத்தினார்.

"உள்ள இல்லாததெல்லாம் இங்கதான்யா வந்துக்கிட்டிருக்கு!" என்று திருப்பிக் கத்தினார் சீப்பம்மா. மறுநாள் ஆட்டம் குறித்த நேரத்தில் தொடங்கியது.

அடுத்த ஆண்டு நகரின் பொறியியல் அலுவலகம், மண்ணுக்குள் போகும் நார் எதுவாயினும் சீப்பம்மா பார்த்துத் தரம் சொன்ன பிறகே வாங்கப்பட வேண்டும் என்று எழுத்திலேயே உத்தரவு போட்டது. பள்ளிக்கூட மைதானம், மருத்துவமனைத் தோட்டம், நீர்த்தேக்கத் தொட்டியின் வடிகட்டி என்று வேலைகள் வரிசையாக வந்தன. "சீப்பம்மா பாத்தாச்சா?" என்பது வேலையிடங்களில் வழக்கமான கேள்வியாயிற்று. அவரைத் தேடி வருகிற ஒவ்வொருவரிடமும் பதினெட்டுக் கட்டின் கதையை அவரே முதலில் சொல்லிவிடுவார். வேறெவரும் அதை அவ்வளவு துல்லியமாகச் சொல்லவில்லை என்பதில் அவருக்குப் பெருமை. மூன்று அங்குலத்தை ஒருநாளும் விடமாட்டார். 2001இல் விளக்குக் கம்பம் நடுவதற்காகத் திடலை வெட்டியபோது கிடைத்த நாரை அவரிடம் கொண்டுவந்து காட்டினார்கள். விரலை ஓட்டிப் பார்த்துவிட்டு, "இருபதுன்னு சொன்னேன். ரெண்டு வருஷம் கூடவே ஓடியிருக்கு" என்றார்.

எழுபது வயதுக்குப் பிறகு பார்வை மங்கியது. அது தொழிலுக்குச் சிறிதும் இடையூறாகவில்லை. கட்டுகளை வீட்டுக்கே கொண்டுவந்து அவர் மடியில் வைப்பார்கள். கண்ணை மூடிக்கொண்டு உருவுவார். போகலாம் என்றோ, துடைப்பத்துக்கு என்றோ சொல்வார். அவர் கடைசியாகத் தரம் பார்த்தது, பேருந்து நிலையத்தின் வடிகாலுக்கு வந்த நாற்பது கட்டுகளை. முப்பத்தொன்பதைப் போகச் சொன்னார், ஒன்றைத் தள்ளினார். தேதி, 2015 நவம்பர் 19.