கவர்னரின் கல்வெட்டு

ஊரில் நான் படித்த கல்லூரியின் விடுதிக்குப் பின்னால் ஓர் அச்சுக்கூடம் இருந்தது. அதன் மிதி இயந்திரம் போட்ட டக்கட டக் சத்தத்தில்தான் எனக்கு விருத்தம் படிந்தது. அந்தக் காதுதான் இப்போது பாரிஸில் எனக்குச் சோறு போடுகிறது. ஈழத்தமிழர்களான எங்களில் ஒருவர் இறந்தால், முப்பத்தோராம் நாளில் வீட்டார் அவருடைய வாழ்க்கையைப் படமும் பாட்டுமாக அச்சடித்துக் கொடுப்பார்கள். கல்வெட்டு என்போம். எங்கள் கடைகள் நிறைந்த லா சப்பல் பகுதியில் அதை எழுதிக் கொடுப்பவள் நான். 2009க்குப் பிறகு சில வருடங்கள் வேலை ஓயவேயில்லை. அதைப் பற்றி இங்கே எழுதப் போவதில்லை. பிறருக்காக எழுதிக் கொடுத்து அவதிப்பட்டவர்களுக்கு மட்டும் ஒன்று சொல்கிறேன்: இறந்தவர்களைப் போல நல்ல வாடிக்கையாளர் இல்லை, அவர்கள் திருத்தம் சொல்வதில்லை.

மா விற்றவர்

தன் தேவைக்கு உயிரோடு வந்து எழுதக் கேட்டவர் குகன் ஒருவர்தான். பக்கத்து மார்க்ஸ் டோர்மோய் தெருவில் பலசரக்குக் கடை வைத்திருப்பவர். அவருடைய ஊர்க்காரர் பாரிஸில் நடத்தும் ஊர்ச் சங்கத்தின் தலைவர் பதவிக்கு நின்றார்; எதிரே ஒரு கணக்காளர். கடைக்காரனுக்கு நிர்வாகம் என்ன தெரியும் என்று பேச்சு அடிபட்டது. அதற்குப் பதிலாகக் குகன் தன் மகளின் பிரெஞ்சுப் பள்ளிப் புத்தகத்தைக் கொண்டுவந்தார். அதில் ஓர் அமெரிக்கரின் வாழ்க்கை இருந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டில் மாட்டு வண்டியோடு மேற்கே போய், சுரங்க ஊரில் கோதுமை மாவும் ஆணியும் விற்று, கடைசியில் அந்த மாநிலத்துக்கே கவர்னர் ஆனவர். அதை நான் தமிழில் எழுத வேண்டும். லா சப்பல் கடைகளில் எல்லாம் வைக்க வேண்டும். பனிக்காலத்தில் பாதை அடைபட்டதும் கவர்னர் மாவின் விலையை மூன்று மடங்காக்கிய இடத்தை வாசித்துக் காட்டினேன்.

"அந்தப் பக்கத்தை விட்டிடுங்கோ அக்கா. போன வருசம் நான் அரிசி விலை ஏத்தினதைச் சனம் இன்னும் மறக்கேல்லை."

ஆரின்ர காணி

மாவை விட்டுக்கொடுத்தேன். அடுத்த அத்தியாயத்தை விடவில்லை. அங்கே முதலிலிருந்தே வாழ்ந்த மக்களைக் கவர்னர் ஒரு கையெழுத்தில் குடியெழுப்பி, அவர்களுடைய நிலத்தைத் தன் கூட்டாளிகளுக்குப் பிரித்துக் கொடுத்திருந்தார். ஊரில் குகனின் காணியில் அப்போது இராணுவ முகாம். வெங்காய மூட்டையில் உட்கார்ந்து அந்தப் பக்கத்தை இரண்டு தரம் வாசித்தார். வெட்டச் சொல்வார், சண்டை பிடிக்கலாம் என்று காத்திருந்தேன்.

"அப்ப இந்த மனிசன் ஆரின்ர பக்கம் அக்கா? எங்கட பக்கமோ, அவங்கட பக்கமோ?"

அட்டைப்படம்

குகன் வெட்டச் சொல்லவில்லை; அந்தப் பக்கம் தப்பியது. பிழை வேறிடத்தில் வந்தது. கைப்பழக்கத்தில் முடிவில் கவர்னருக்கு ஒரு விருத்தம் பாடி, அவரை இறைவனடி சேர்த்துவிட்டேன். அச்சுக்காரரும் என்னைப் போல ஒரே வகைப் புத்தகம் தெரிந்தவர்: அட்டையில் குத்துவிளக்கு, முதல் பக்கத்தில் தேவாரம். விளக்குகளுக்கு நடுவே, குகன் ஆசையோடு கொடுத்த தன் சொந்தப் படம். படம் வடிவாக வந்திருக்கிறதா என்று மட்டும்தான் குகன் சரிபார்த்தார்.

உள்ளே யார் வாசிப்பார்கள்? கல்வெட்டு கைக்கு வந்தால் எங்கள் ஆட்கள் அட்டையைப் பார்ப்பார்கள், பெருமூச்சு விடுவார்கள், அலமாரியில் வைப்பார்கள். வியாழக்கிழமை புத்தகம் பரவியது. ஞாயிற்றுக்கிழமை புறநகர் ஓல்னேயில் சங்கத் தேர்தல். வெள்ளி காலை செவ்ரானிலிருந்து ரயிலேறி, துக்கம் விசாரிக்க வெள்ளைச் சேலையில் வந்த ஓர் அம்மா, கடைக்குள் பூசணிக்காய் வெட்டிக்கொண்டு நின்ற குகனைக் கண்டார். அவருக்குத் திகைப்பில்லை, எரிச்சல்தான்.

"நீர் செத்திட்டீர் எண்டு நேற்றே அழுது முடிச்சு, எங்கட வீட்டு நாலு வோட்டையும் மற்றவருக்கெண்டு சொல்லிப்போட்டம் தம்பி. இனி எப்பிடிச் சொல்லு மாறுறது?"

நான் எழுதிய கல்வெட்டுகளில், படத்தில் இருப்பவரே வாசித்துத் திருத்தம் சொன்னது அது ஒன்றுதான். குகன் தேர்தலில் தோற்றார், இன்றும் மார்க்ஸ் டோர்மோயில் மா விற்கிறார்.