எடை மேடைக்கு வந்த இரண்டு ஃபைல்கள்

பென் டிரைவோடு எவன் வந்தாலும் எனக்கு ஆகாது. எதைப் போட்டுவிட்டு எதை எடுத்துக்கொண்டு போகிறானோ, யாருக்குத் தெரியும்? மரக்காணத்தில் ஒரு உப்பு வியாபாரியின் லாரி எடை மேடையில் கம்ப்யூட்டர் பார்க்கிறேன். பழைய கம்ப்யூட்டர். உப்புக்காற்று தின்றுவிடாமல் இருக்க பாலிதீன் சுற்றி வைத்திருக்கிறோம், ஜன்னலையும் திறப்பதில்லை. அதனால் மேடையில் நிற்கும் லாரி என் கண்ணுக்குத் தெரியாது. டிரைவர் ஹாரன் அடித்தால் எடை பட்டனை அழுத்துவேன்.

எடை புரோகிராமை மாற்றினார்கள். புதுசு எங்கள் பழைய விண்டோஸில் திறக்கவே இல்லை. புதுச்சேரியிலிருந்து வந்த சர்வீஸ்காரர் பென் டிரைவிலிருந்து இரண்டு ஃபைல்களைப் போட்டார். என்ன இது என்றேன். பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்துக்கொள்ளும் டிஎல்எல் ஃபைல்களாம். எடை வரும்வரை காத்திருக்கும்போது திரை நின்றுபோகாமல் பார்த்துக்கொள்ளப் புது விண்டோஸுக்குத் தெரியுமாம், பழையதற்குத் தெரியாதாம். அந்த வித்தையை இவை சேர்த்துக்கொடுக்குமாம். எங்கேயிருந்து எடுத்தீர்கள் என்றால், நெட்டிலிருந்து என்கிறார். நெட் என்ன அவர் மாமியார் வீடா? நான் முறைத்த முறைப்பில் டீ கூடக் குடிக்காமல் கிளம்பிவிட்டார்.

புரோகிராம் ஜோராக ஓடியது. அதுவே எனக்கு உறுத்தியது.

சில நாளில் சென்னையில் உப்பு வாங்குகிறவர் முதலாளிக்கு போன் செய்தார். அடுத்தடுத்துப் போன இரண்டு லாரிக்கும் சீட்டில் கிலோ பிசகாமல் ஒரே எடை. ஆனால் இரண்டாவது லாரியில் பாதி லோடுதான் இருந்ததாம். முதலாளி கம்ப்யூட்டரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தார்.

"ஏம்மா, அந்த ரெண்டாவது லாரி டிரைவரு உங்க ஊரு அனுமந்தக்காரன்தான?"

அவ்வளவுதான் கேட்டார். நானும் அவனும் கூட்டு என்று அர்த்தம். மறுநாள் வந்து பார்த்தால் என் நாற்காலிக்குப் பின்னால் கேமரா. வேலை போனால் வேறு தேடிக்கொள்ளலாம். எடையில் திருடியவள் என்ற பேரோடு ஞாயிற்றுக்கிழமை கோயிலில் எந்த முகத்தோடு பூசை பார்ப்பது?

அந்த இரண்டு ஃபைல்கள்தான் எடையை மாற்றுகின்றன என்று சத்தியமாக நம்பினேன். அழிக்கலாமென்றால் புரோகிராம் திறக்காது. சரி, கையும் களவுமாகப் பிடிப்போம் என்று, அன்றைக்கு எடை பட்டனை அழுத்திவிட்டுக் கையை மடியில் வைத்துக்கொண்டு திரையையே பார்த்தேன். முதலில் வந்த லாரிகளுக்கு எடை உடனே வந்தது. ஒரு லாரி காற்றில் ஆடியது போலிருக்கிறது, ஆட்டம் நிற்கும்வரை எடை வராது. முன்னால் போன லாரியின் எடையே கட்டத்தில் கொஞ்ச நேரம் அப்படியே நின்றது. பிறகுதான் மாறியது.

பழைய புரோகிராமில் எடை வரும்வரை திரை உறைந்துவிடும், மவுஸ் அம்பு நகராது. அம்பு நகர்ந்தால் எடை வந்துவிட்டது, பிரிண்ட் அழுத்தலாம். வருடக்கணக்காக என் கை பழகியது அது. இப்போதோ திரை உறைவதே இல்லை. ஃபைல்கள், சர்வீஸ்காரர் சொன்ன வேலையைத்தான் செய்திருக்கின்றன. அம்பு நகர்கிறதே என்று நான் அழுத்தியதில், முந்தின லாரியின் எடை அச்சாகியிருக்கிறது.

முதலாளி முன்னாலேயே சர்வீஸ்காரருக்கு ஸ்பீக்கரில் போன் போட்டேன்.

"ஆமாக்கா. புது எடை வர்ற வரைக்கும் கட்டம் காலியா இருக்கணும், பிரிண்ட் பட்டனும் வேல செய்யக் கூடாது. நான்தான் வுட்டுட்டேன்."

சாயங்காலத்துக்குள் சரிசெய்துவிட்டார். முதலாளியிடம் நானே கேட்டேன், கேமராவைக் கழற்றிவிடலாமா என்று.

"அது பாட்டுக்கு இருக்கட்டும்மா. உன்ன என்னா பண்ணுது?"

இப்போதெல்லாம் எடை பட்டனை அழுத்தியதும் மவுஸை விட்டுவிடுவேன். எடை வரும்வரை இரண்டு கையையும் தலைக்கு மேலே தூக்கிக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். பின்னாலிருந்து பார்க்கிறவருக்கு நன்றாகத் தெரியட்டும்.