கரட்டடி காலியான கணக்கு

ஒரு ஊரை ஆளில்லாமல் ஆக்கியவள் நான். கத்தியும் இல்லை, காலராவும் இல்லை. பென்சில், கட்டம் போட்ட தாள், கைப்பிடியைச் சுற்றினால் கூட்டிக் கழிக்கும் ஒரு இரும்பு இயந்திரம், அவ்வளவுதான். கணக்கில் ஒரு பிழையும் இல்லை. இன்றைக்கு அந்தத் தாளைக் கொடுத்தாலும் வரிக்கு வரி சரிபார்த்துக் கையெழுத்துப் போடுவேன். தப்பு வேறு இடத்தில் இருந்தது.

எழுபதுகளின் தொடக்கம். தருமபுரி தனி மாவட்டமாகிச் சில வருடங்களே ஆகியிருந்தன. சேலத்தை விட்டுத் தனிக்குடித்தனம் வந்த மாவட்டம் எல்லாவற்றையும் புதிதாக வாங்கிப் போட்டுக்கொண்டிருந்தது. பீரோ, ஜீப், ரப்பர் ஸ்டாம்ப் எல்லாம் வந்த பிறகு புள்ளிவிவரத்துக்கும் ஒரு அலுவலகம் வந்தது. ஒரு மண்டிக்காரர் வீட்டு மாடியில் மூன்று அறைகள். கீழே கடலைக்காய் மூட்டை ஏறும், மேலே நாங்கள் மக்களை எண்ணுவோம். கணிதத்தில் பட்டம் வாங்கியவள் என்பதால் என்னை அங்கே உட்கார வைத்தார்கள்.

எங்கள் அதிகாரி சென்னைக்குப் பயிற்சிக்குப் போனபோது சாதாரண மனிதராகத்தான் போனார். திரும்பும்போது ஒரு சூத்திரத்தோடு வந்தார். ஒரு ஊரில் இப்போது எத்தனை பேர், வருடத்துக்கு எத்தனை பிறப்பு, எத்தனை சாவு என்று தெரிந்தால் போதும். ஐம்பது வருடம் கழித்து அந்த ஊர் எப்படி இருக்கும் என்று சொல்லிவிடலாம். ஜோசியக்காரனுக்காவது ஒரு கிளி வேண்டும். எங்களுக்கு அதுகூட வேண்டியிருக்கவில்லை.

"வளர்ற ஊரைப் பெருக்கணும், தேயுற ஊரைக் கழிக்கணும். அவ்வளவுதாம்மா விஞ்ஞானம்" என்றார்.

"தேயுறதையும் விகிதத்தால பெருக்கித்தானேங்க பார்க்கணும்?" என்றேன்.

"நீங்க முதல்ல கிராப் போடுங்கம்மா. கேள்வி அப்புறம் கேக்கலாம்."

போட்டேன். அப்போது எனக்கு ஆறாம் மாதம். வயிறு மேசையில் இடிக்கும், அதனால் பக்கவாட்டில் உட்கார்ந்து கைப்பிடியைச் சுற்றுவேன். பிறப்பு விகிதத்தைக் கணக்கிடுகிறவளே அதைக் கூட்டவும் செய்கிறாள் என்று அலுவலகத்தில் ஒரு நகைச்சுவை ஓடியது. அதை முதலில் சொன்ன குமாஸ்தாவுக்கு ஐந்து பிள்ளைகள்.

எனக்குக் கொடுத்த ஊர்களில் இரண்டு ஏரியூர்ப் பக்கம் இருந்தவை. ஒன்று எங்கள் சனம் நிறைந்த கத்தோலிக்க ஊர். அங்கே ஒரு மாதா கோயில், கன்னியாஸ்திரீகள் மடம், மடத்தை ஒட்டி அவர்கள் நடத்திய சின்னப் பிரசவ ஆஸ்பத்திரி. என் அம்மா வீடு அங்கேதான். நானே அந்த ஆஸ்பத்திரியில் பிறந்தவள். இதை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், என் புத்திசாலித்தனத்தை அளக்க உதவும். மற்றொன்று அங்கிருந்து நாலு மைல், ஒரு காட்டாறு தாண்டி, ஒரு கரட்டுக் குன்றின் அடியில் இருந்தது. கரட்டடி என்றே வைத்துக்கொள்வோம். கேழ்வரகும் கடலையும் போடுகிற சம்சாரிகள், ஒரே வாத்தியார் இருக்கும் பள்ளிக்கூடம், கூரை ஒழுகாத கட்டடம் ஒன்று கட்டித் தருவதாக அரசாங்கம் சொல்லியிருந்த வாக்கு.

அந்தந்த ஊர்ப் பிறப்பையும் சாவையும் கிராம முன்சீப் ஒரு பதிவேட்டில் எழுதுவார். ஐந்து வருடப் பதிவேடுகளை வாங்கிக் கணக்குப் போட்டேன். சிஸ்டர்கள் ஊர் பெருகிய பெருக்கைப் பார்த்து எனக்கே மூச்சு வாங்கியது. என் பேரப்பிள்ளைகள் காலத்தில் அங்கே மனிதர்கள் படுக்க இடமில்லாமல் நின்றபடி தூங்குவார்கள் என்று கணக்கு சொன்னது. கரட்டடி நேர் எதிர். ஐந்து வருடத்தில் பிறப்பு இரண்டே இரண்டு. சாவுக்கு மட்டும் குறைவில்லை. வருடா வருடம் கழித்துக்கொண்டே போனேன். ஒரு கட்டத்தில் ஊரில் நாலு பேர் மிஞ்சினார்கள், அந்த வருடம் சாக வேண்டியவர்கள் பத்துப் பேர். கைப்பிடியைச் சுற்றினேன். பூஜ்யத்துக்குக் கீழே போனால் அந்த இயந்திரம் ஒரு மணி அடிக்கும். அடித்தது. அதிகாரி எழுந்து வந்து பார்த்தார்.

"ஏறுறது ஒண்ணு, இறங்குறது ஒண்ணு. கிராப்புன்னா இப்படியில்ல இருக்கணும்" என்று சந்தோஷப்பட்டார்.

கிராப் பெரிய அட்டையில் ஏறிக் கலெக்டர் கூட்டத்துக்குப் போனது. அடுத்த மாதமே சிஸ்டர்கள் ஊருக்குக் குடும்பக்கட்டுப்பாட்டு ஜீப் புறப்பட்டது, சிவப்பு முக்கோணமும் ஒலிபெருக்கியும் பரிசு கொடுக்கப் பிளாஸ்டிக் வாளிகளுமாக. மாவட்டத்திலேயே அதிகம் பிள்ளை பிறக்கும் இடம் எது என்று தேடி வந்தவர்களைப் பதிவேட்டின் விலாசம் நேராக மடத்து வாசலில் கொண்டுபோய் விட்டது. உள்ளே ஐந்து கன்னியாஸ்திரீகள், சமையலுக்கு ஒரு விதவை, கல்யாணமே செய்துகொள்ளாத ஒரு கேட் காவல்காரர்.

"இந்த வளாகத்துல பிள்ளை பெறும் வயசுல தம்பதிகள் எத்தனை பேருங்க?" என்று வந்தவர் படிவத்தைப் பார்த்துக் கேட்டாராம்.

பெரிய சிஸ்டர் அவரை உட்கார வைத்து மோர் கொடுத்திருக்கிறார். "நாங்க அஞ்சு பேரும் ஏற்கனவே கட்டுப்பாட்டுலதாங்க இருக்கோம். வாளி மட்டும் ஒண்ணு குடுங்க, பிரசவ அறைக்கு ஆகும்" என்றாராம்.

இதைக் கேட்டு அலுவலகமே சிரித்தது. நானும் சிரித்தேன். அந்த நொடியில் ஒரு கேள்வி கேட்டிருக்க வேண்டும். கேட்கவில்லை. சிரிக்கும்போது மூளை வேலை செய்வதில்லை என்று வைத்துக்கொள்ளலாம். சிரிக்காதபோது மட்டும் செய்ததா என்று நீங்கள் கேட்கலாம்.

கரட்டடிக்கு ஜீப் போகவில்லை, ஒரு காகிதம் போனது. தேயும் ஊருக்குக் கட்டடம் வீண். வருகிற ஜூன் முதல் பள்ளிக்கூடத்தை மூடி, பிள்ளைகளை ஆற்றுக்கு அந்தப் பக்கமுள்ள பள்ளியோடு சேர்த்துவிடுவது என்று கல்வித் துறை முடிவு செய்திருந்தது. காகிதம் கிடைத்த வாரமே அந்த வாத்தியார் இரண்டு பஸ் மாறி எங்கள் மாடிப்படி ஏறி வந்தார். வேட்டியில் பாதி தூரத்துக்குச் செம்மண். வருகைப் பதிவேட்டைக் கையோடு கொண்டுவந்திருந்தார்.

"நாப்பத்திமூணு பேரு தெனமும் வர்றாங்க. எண்ணிப் பாத்துக்குங்க" என்று மேசைமேல் விரித்தார்.

அதிகாரி அதைத் தொடவில்லை. "இவங்க ஏற்கனவே பிறந்துட்டாங்க. இவங்களை நாங்க மறுக்கலையே. இனிமே பிறக்கிறவங்க இல்லைன்னுதான் சொல்றோம்."

"பொறந்துகிட்டுதாங்க இருக்குது. ஊருக்குள்ள நடந்தா கால்ல இடறுதுங்க."

"பதிவேட்டுல இல்லையே."

"பதிவேட்டுல இல்லாட்டி என்னங்க, தொட்டில்ல இருக்குதே."

அதிகாரி என்னைப் பார்த்தார். எனக்கு அப்போது எட்டாம் மாதம், காலில் நீர் கோத்து வலித்தது. சூத்திரத்தை வாத்தியாருக்கு விளக்கினேன், பொறுமையாக, படிக்காதவருக்குச் சொல்வதைப் போல. அவர் கடைசிவரை கேட்டார். பிறகு பதிவேட்டை மூடி, "நீங்க ஒருக்கா ஊருக்கு வந்து பாத்தீங்கன்னா தேவலைங்க" என்று சொல்லிவிட்டு இறங்கிப் போனார்.

நான் போனேன். கரட்டடிக்கு அல்ல, பிரசவத்துக்கு. தலைப்பிரசவம் தாய் வீட்டில்தானே. அம்மா வந்து அழைத்துப் போனாள். வலி எடுத்ததும் நான் பிறந்த அதே ஆஸ்பத்திரியில் படுத்தேன். மகள் பிறந்தாள். மூன்றாம் நாள் எழுந்து உட்கார முடிந்தது. பக்கத்துக் கட்டிலில் ஒருத்தி, மூன்றாவது பிள்ளையாம், முறத்தில் புடைப்பவளைப் போல அலட்டிக்கொள்ளாமல் உட்கார்ந்திருந்தாள்.

"எந்த ஊருங்க?" என்றேன்.

"கரட்டடிங்க அக்கா."

எனக்கு முதலில் ஒன்றும் தோன்றவில்லை. இல்லாமல் போகப்போகும் ஊரிலிருந்து ஒருத்தியைப் பார்த்த வேடிக்கைதான் இருந்தது. ஜன்னலோரத்தில் இருந்தவளைக் கேட்டேன். அவளும் கரட்டடி. கதவோரத்தில் இருந்தவள் கரட்டடிக்கு வாழ்க்கைப்பட்டவள். அறையில் ஆறு கட்டில், நாலு கரட்டடி.

"உங்க ஊர்ல யாரும் வீட்டுல பெத்துக்க மாட்டாங்களா?"

"ஏனுங்க அக்கா, சிஸ்டரம்மா இருக்கறப்போ வூட்ல எதுக்கு? வலி கண்டதும் வண்டி கட்டிருவாங்க. வண்டி வர்றதுக்குள்ள அவசரப்பட்டுதுங்க ரெண்டு. அதுங்கதான் ஊர்ல பொறந்துதுங்க."

அந்த இரண்டையும் எனக்கு நன்றாகத் தெரியும். ஐந்து வருடப் பதிவேட்டில் இருந்த இரண்டு பிறப்பு அவைதான்.

அன்று மத்தியானம் முன்சீப்பின் ஆள் நோட்டோடு வந்தார். அந்த வாரத்துப் பிறப்பை எல்லாம் வரிசையாக எழுதிக்கொண்டார், பிறந்த இடம் எதுவோ அந்த ஊர்க் கணக்கில். சட்டம் அப்படி. தருமபுரியில் குடியிருக்கப் போகிற என் மகளும் சிஸ்டர்கள் ஊர்ப் பெருக்கத்தில் ஒன்றாகச் சேர்ந்தாள். அப்போதுதான் பெரிய சிஸ்டரிடம் கேட்டேன், இங்கே சாவு எத்தனை என்று.

"இங்கயா? யாரும்மா சாக விடறாங்க? இனி முடியாதுன்னு சொன்னா போதும், உசுரு போறதுக்குள்ள தூக்கிட்டு ஊருக்கு ஓடிருவாங்க. சொந்த மண்ணுல கட்டை வேகணுமாம்" என்றார்.

ஆக, பிறப்பெல்லாம் இங்கே, சாவெல்லாம் அங்கே. கரட்டடிக்காரர்கள் பிள்ளை பெற ஒரு ஊரும் சாக ஒரு ஊரும் வைத்துக்கொண்டு, நடுவில் வாழ்வதைப் பற்றி எந்தப் பதிவேட்டுக்கும் சொல்லாமல் இருந்திருக்கிறார்கள். எங்கள் அலுவலகத்தில் இருந்த ஆண்கள் அத்தனை பேருடைய மனைவிமாரும் பிரசவத்துக்குத் தாய் வீடு போனவர்கள்தான். அந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்தவள் நான். ஒருத்தர் மண்டையிலும் உறைக்கவில்லை. படித்தவள் பாட்டைக் கெடுத்தாள் என்பார்களே, அது நானேதான்.

பக்கத்துக் கட்டில்காரியைப் பார்க்க அவள் மூத்த மகள் தகப்பனோடு நடந்து வந்தாள். நாலாம் வகுப்பு. எண்ணெய் வைத்து இறுக்கிய பின்னல். கட்டில் காலில் சாய்ந்துகொண்டு, என் மாத்திரைக் காகிதத்தில் இருந்த இங்கிலீஷ் எழுத்துகளை ஒவ்வொன்றாகச் சொன்னாள்.

"நல்லா படிக்கிறாளே" என்றேன்.

"ஜூனோட சரிங்க. பள்ளிக்கூடத்த மூடறாங்களாம். பசங்க ஆத்தத் தாண்டிப் போவானுங்க. பொட்டப்புள்ளைய எப்படிங்க அனுப்பறது, தண்ணி வந்தா வந்ததுதான்."

நான்தான் மூடினேன் என்று சொல்லவில்லை. வெட்கமாக இருந்தது. அன்றே அதிகாரிக்குக் கடிதம் எழுதினேன். 'விடுப்பு முடிந்து வந்து நேரில் பேசவும்' என்று பதில் வந்தது. கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு பஸ் ஏறியிருக்கலாம். தையல் வலி என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். வேலைக்கு ஆபத்து வருமோ என்ற பயம்தான் உண்மையில் தையலைவிட அதிகமாக வலித்தது.

விடுப்பு முடிந்து போனபோது ஜூன் கடந்திருந்தது. அதிகாரியிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

"தப்புன்னு எழுத முடியாதும்மா. கலெக்டர் பார்த்த கிராப்" என்றார்.

அவரோடு வேலை பார்த்ததில் எனக்கும் கொஞ்சம் விஞ்ஞானம் வந்திருந்தது. "தப்பு இல்லைங்க சார். சூத்திரத்துல ஒரு கிரேக்க எழுத்து விட்டுப்போச்சு. வந்து பெறுவோர் கெழு, அதாவது வெளியூர்லேர்ந்து பெத்துக்க வர்றவங்க விகிதம். நீங்க கண்டுபிடிச்சதா அடுத்த கூட்டத்துல வைக்கலாம்."

அவர் முகம் மலர்ந்தது. எந்த எழுத்து என்று மட்டும் இரண்டு நாள் யோசித்து, யாரும் எழுதத் தயங்கும் ஒரு எழுத்தைத் தேர்ந்தெடுத்தார். புதிய கிராப்பில் கரட்டடி மறுபடி உயிர் பெற்றது. கூட்டத்தில் அவருக்குப் பாராட்டு. ஆனால் மூடின பள்ளிக்கூடம் திறக்கக் கோப்பு என்ற ஒன்று நகர வேண்டும். அது மூன்று வருடம் நகர்ந்தது. பழைய வாத்தியார் அதற்குள் வேறெங்கோ மாற்றலாகிப் போய்விட்டார்.

எழுபதுகள் முடியும் சமயம் கருவள ஆய்வு என்று ஒரு வேலை வந்தது. எந்த வயதில் கல்யாணம், எந்த வயதில் முதல் பிள்ளை, எதுவரை படிப்பு என்று தாய்மாரைக் கேட்டுப் படிவம் நிரப்ப வேண்டும். பெண் அதிகம் படித்தால் பிள்ளை குறைவு, படிப்பு நின்றால் கல்யாணமும் பிள்ளையும் சீக்கிரம் என்று உலகத்துக்கே தெரிந்த விஷயத்தைத் தருமபுரியிலும் நிரூபிக்க வேண்டுமாம். ஏரியூர்ப் பக்கத்தை நானே கேட்டு வாங்கினேன். கடைசியில் கரட்டடிக்குப் போய்ச் சேர்ந்தேன், வாத்தியார் கூப்பிட்டு எட்டு வருடம் கழித்து. உண்மையாகவே பிள்ளைகள் காலில் இடறின.

மூன்றாவது வீட்டில், உள்ளூரிலேயே வாழ்க்கைப்பட்டு அம்மா வீட்டுக்கு வந்திருந்த ஒரு பெண், மடியில் பச்சைக் குழந்தை. ஆஸ்பத்திரியில் பார்த்த அந்தப் பின்னலை எனக்கு அடையாளம் தெரிந்தது. அவளுக்கு என்னைத் தெரியவில்லை.

"படிப்பு எதுவரைம்மா?"

"நாலாவதுங்க."

"நின்னதுக்குக் காரணம்?"

"பள்ளிக்கூடத்த மூடிட்டாங்க. எங்கூர்ல புள்ளைங்களே பொறக்கறதில்லைன்னு யாரோ ஆபீசுல கணக்குப் போட்டாங்களாம்." அவள் குழந்தையைத் தோளில் போட்டுத் தட்டினாள்.

படிவத்தில் காரணத்துக்கு நாலு கட்டம் இருந்தது. வறுமை, வீட்டு வேலை, வயதுக்கு வந்தது, பிற. என் பென்சில் நகரவில்லை.

"அந்தக் கணக்குப் போட்டது நான்தாம்மா" என்றேன்.

கோபப்படுவாள் என்று காத்திருந்தேன். கோபப்பட்டிருந்தால் எனக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

"அப்படிங்களா" என்றாள். அப்புறம் குழந்தையின் முகத்தை என் பக்கம் திருப்பி, "இவ சிஸ்டரம்மா ஆஸ்பத்திரியிலதாங்க பொறந்தா. இவளயாவது எங்க ஊர்லயே எழுதிக்கங்க" என்றாள்.

படிவத்தில் அதற்கு இடமில்லை. ஓரத்தில் எழுதினேன்: பெண் குழந்தை ஒன்று, கரட்டடி.